இந்தக் கோழி விற்பனைக்கு இல்லை!

பிஸ்கட்னு சொன்னதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? கேன்டீன் டீயில் முக்கி வாய்க்குக் கொண்டு போறதுக்குள்ள பாதி உடைஞ்சு கிளாஸுக்கு அடியில் போய் செட்டில் ஆகிடுமே... அதுதானே? கொஞ்ச நேரத்துக்கு அதை மறந்துடுங்க ஃப்ரெண்ட்ஸ். இது வேற பிஸ்கட்!

அமெரிக்காவில் பிஸ்கட் என்றால் மெத்துமெத்தென்ற ஒரு குட்டி ரொட்டி. மேலே பொன்னிறமா, லேசா மொறுமொறுன்னு இருக்கும். கையால் பிய்த்தால் உள்ளே அடுக்கடுக்காப் பிரியும். ஈஸ்ட் போட்டு மணிக்கணக்கில் காத்திருக்கிற வேலை கிடையாது. பேக்கிங் பவுடர் போட்டு முக்கால் மணி நேரத்தில் முடிச்சுடலாம். நாம பிஸ்கட்னு சொல்ற ஐட்டத்துக்கு அங்கே 'குக்கி'ன்னு பேர்.

இந்த பிஸ்கட்டை ஒரு குழம்புக்கு மேலே மூடி மாதிரி அடுக்கி, அப்படியே ஓவனுக்குள் தள்ளினால் அதுதான் பிஸ்கட் பாட் பை. அடியில் கெட்டியான வெள்ளைக் குழம்பு. நம்ம ஸ்டூவுக்கு அக்கா முறைன்னு வச்சுக்குங்க. அதுக்குள்ள கேரட், உருளைக்கிழங்கு, பட்டாணி, கறி. வெளியே மைனஸ் 20 டிகிரி குளிரும்போது ஒரு தட்டு சாப்பிட்டால், செமஸ்டர் ரிசல்ட் மேலேகூட நம்பிக்கை வந்துடும்!

சிக்கனில் பண்ணலாம், வான்கோழியில் பண்ணலாம். நான் சொல்லப் போறது காட்டு ஃபெசன்ட் பாட் பை. இதுக்கான கறி எந்தக் கடையிலும் கிடைக்காது. பர்ஸ் நிறைய டாலர் வச்சிருந்தாலும் கிடைக்காது. ஏன்னு சொல்றேன், கேளுங்க.

யாரு சாமி இந்த ஃபெசன்ட்?

மயிலும் நம்ம வீட்டுக் கோழியும் ஒரே குடும்பம் தெரியுமில்ல? ஃபெசன்ட்டும் அதே குடும்பத்துப் பிள்ளைதான். சேவல் சும்மா ஹீரோ மாதிரி இருக்கும். செம்பு கலர் உடம்பு, பச்சையும் நீலமுமா மின்னுற தலை, சிவந்த முகம், கழுத்தைச் சுற்றி வெள்ளை வளையம், பின்னாடி நீளமா ஒரு வால். பெட்டை காய்ஞ்ச புல் கலரில் இருக்கும். காரணம் இருக்கு. அது கூடு கட்டுறது தரையில், புல்லுக்குள்ளே. நரி கண்ணுக்குத் தெரிஞ்சா முட்டையும் போச்சு, தாயும் போச்சு.

இதில் ஒரு காமெடி என்னன்னா, அமெரிக்காவின் சவுத் டகோட்டா மாநிலத்துக்கு 1943-லிருந்து மாநிலப் பறவை இதுதான். ஆனால் பூர்வீகம் ஆசியா! ஷாங்காயில் அமெரிக்கத் தூதரக அதிகாரியாக இருந்த ஓவன் டென்னி என்பவர் 1881, 1882-ல் சீனாவிலிருந்து கப்பலில் ஓரிகானுக்கு அனுப்பி வைத்தார். பிழைச்சதுங்க அங்கே பெருகிச்சு. சவுத் டகோட்டாவில் 1908, 1909 வாக்கில் கொண்டு வந்து விட்டாங்க. 1919-ல் அங்கே முதல் வேட்டை சீசனே நடந்துடுச்சு. விசா இல்லை, இன்டர்வியூ இல்லை... நேராகப் போய் மாநிலப் பறவை பதவியில் உட்கார்ந்துடுச்சு. நமக்குத்தான் ஐ-20 கைக்கு வர்றதுக்குள்ள நாக்கு தள்ளுது!

நான் 2011-ல் மேல்படிப்புக்குப் போய் இறங்கின இடமும் இதே சவுத் டகோட்டாதான். தமிழ்நாட்டைவிட ஒன்றரை மடங்கு பெரிய மாநிலம். அப்போ மொத்த ஜனத்தொகையே சுமார் 8 லட்சம்தான். என் ரூம்மேட் விவசாயி வீட்டுப் பையன். நவம்பர் மாசம் தேங்க்ஸ்கிவிங் லீவு விட்டதும் வளாகம் மொத்தமும் காலி. "தனியா உட்கார்ந்து நூடுல்ஸ் தின்னுக்கிட்டு இருப்பியா? வா வீட்டுக்கு"ன்னு வண்டியில் ஏத்திக்கிட்டான்.

அவங்க அம்மாவை நான் 'ஆன்ட்டி'ன்னு கூப்பிட்டேன். அந்த ஊரில் ஆன்ட்டின்னா நிஜமான அத்தை, சித்தி மட்டும்தானாம். அவங்களுக்குச் சிரிப்பு தாங்கலை. ஆனா அன்னைக்கே அந்தப் பதவியை ஏத்துக்கிட்டாங்க. இந்தச் சமையலைக் கத்துக் கொடுத்ததும் அந்த ஆன்ட்டிதான்.

மூணு சேவல்... அவ்வளவுதான்!

அங்கே வேட்டைன்னா துப்பாக்கியைத் தூக்கிக்கிட்டுக் கண்டபடி சுடறதுன்னு நினைச்சுடாதீங்க. முதலில் லைசென்ஸ் வேணும். எல்லோருக்குமான சீசன் அக்டோபர் மூணாவது சனிக்கிழமைதான் தொடங்கும். ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு 3 சேவல். பெட்டையைத் தொடவே கூடாது. ஒரு சேவலே பல பெட்டைகளோடு ஜோடி சேரும். அதனால் சேவல் கொஞ்சம் குறைஞ்சாலும் அடுத்த வருஷக் குஞ்சுகள் குறையாது. பெட்டை குறைஞ்சா கூடு குறையும், கதை முடிஞ்சுடும்.

புல்லிலிருந்து பறவை விருட்டுன்னு கிளம்பினதும் வரிசையா நடந்து வர்றவங்க "ரூஸ்டர்!" அல்லது "ஹென்!"னு கத்துவாங்க. 'ஹென்'னு காதில் விழுந்தா துப்பாக்கி கீழே இறங்கிடும். சுட்டதை வண்டியில் கொண்டு போகும்போதும், சேவல்தான்னு அடையாளம் தெரியற மாதிரி தலையையோ காலையோ ஒட்டியே விட்டு வைக்கணும். வழியில் அதிகாரி நிறுத்திப் பார்ப்பார்.

அடுத்த ரூல்தான் மேட்டர். சுட்ட காட்டுப் பறவையின் கறியை விற்கக் கூடாது. ஓட்டலில் ஃபெசன்ட்னு போட்டிருந்தா அது பண்ணையில் வளர்த்தது. காட்டில் பறந்ததை நீங்களே சாப்பிடலாம், ஃப்ரீசரில் வைக்கலாம், யாருக்காவது சும்மா கொடுக்கலாம். விலை மட்டும் போட முடியாது.

ஏன் இந்தக் கெடுபிடி? அமெரிக்கா ஒரு தடவை நல்லா பட்டிருக்கு. பாசஞ்சர் புறான்னு ஒரு இனம் அங்கே இருந்தது. நூற்றுக்கணக்கான கோடி! கூட்டமாப் பறந்தால் சூரியனே மறையும்னு எழுதி வச்சிருக்காங்க. மார்க்கெட்டுக்காகவே அதைச் சுட்டுச் சுட்டு, பீப்பாய் பீப்பாயா ரயிலில் ஏத்தினாங்க. அது தங்கின காடுகளையும் வெட்டினாங்க. கடைசிப் புறா 'மார்த்தா', சின்சினாட்டி மிருகக்காட்சி சாலையில் 1914 செப்டம்பர் 1-ல் செத்துப் போச்சு. கறிக்கு விலை இருக்கிற வரைக்கும் துப்பாக்கி ஓயாதுன்னு புரிஞ்சதும்தான் சட்டங்கள் ஒண்ணொண்ணா இறுகிச்சு.

விற்க முடியாத கறி என்ன ஆகும்? விருந்தாகும்! இரண்டாம் உலகப் போர் நேரத்தில் சவுத் டகோட்டாவில் அபெர்டீன் என்ற ஊர் ரயில்வே ஸ்டேஷனில் ஒரு கேன்டீன் நடந்தது. ரயிலில் வந்து இறங்குற சிப்பாய்களுக்கு அந்த ஊர் ஜனங்க ஃபெசன்ட் சாண்ட்விச் பண்ணி இலவசமாகக் கொடுத்தாங்க. 1943-லிருந்து போர் முடிஞ்சு ஊர் திரும்பும் வரைக்கும் 5 லட்சத்துக்கும் மேற்பட்ட சிப்பாய்கள் சாப்பிட்டிருக்காங்க. அதில் எத்தனை பேருக்கு அதுதான் கடைசி வீட்டுச் சாப்பாடோ!

சரி, அடுப்பைப் பத்த வைப்போமா?

ஆறு பேருக்கு ரெண்டு பறவை. சுத்தம் பண்ணினா ஒவ்வொண்ணும் ஒரு கிலோவுக்குக் கொஞ்சம் குறைவா இருக்கும். முதல் வேலை, கறியை விரலால் அழுத்தித் தடவிப் பார்க்கணும். சின்னச் சின்ன ரவைக் குண்டு உள்ளேயே இருக்கும். விட்டுட்டா பல் டாக்டருக்குத்தான் வருமானம்.

அடுத்து, காலையும் நெஞ்சையும் தனியாப் பிரிக்கணும். இது ஓடி ஆடித் திரிஞ்ச பறவை. உடம்பில் கொழுப்பே கிடையாது. காலில் குச்சி மாதிரி கெட்டியான நரம்புகள் ஓடும். அதனால் காலையும் எலும்பையும் ஒரு வெங்காயம், ஒரு கேரட், ஒரு செலரித் தண்டு, பிரிஞ்சி இலை, மிளகு போட்டு, தண்ணீர் மூழ்க ஊத்தி, சின்னத் தீயில் ஒண்ணரை மணியிலிருந்து ரெண்டு மணி நேரம் விடணும். கொதிக்கக் கூடாது, லேசா முணுமுணுக்கணும். நெஞ்சுக் கறியைக் கடைசி 15, 20 நிமிஷம் மட்டும் உள்ளே போட்டு எடுத்துடணும். கூடுதலா வெந்தா மரத்தூள்தான்.

ஆன்ட்டிக்கு இதில் அவசரமே கிடையாது. "காலைத் தூக்கி எறியற வேட்டைக்காரங்க இருக்காங்க. நெஞ்சை மட்டும் எடுத்துக்கிட்டு மீதியை வயலிலேயே போட்டுட்டுப் போவாங்க. எனக்குப் பிடிக்காது"ன்னு சொல்லிக்கிட்டே ஒவ்வொரு நரம்பா உருவி எடுப்பாங்க. அரை மணி நேர வேலை. கிடைக்கிறது என்னவோ ரெண்டு கைப்பிடி கறிதான். ஆனா வாசனையெல்லாம் அதில்தான் இருக்கு.

இப்போ குழம்பு. 60 கிராம் வெண்ணெயில் நறுக்கின வெங்காயம், செலரி, கேரட்டை வதக்கி, 60 கிராம் மைதா தூவி, பச்சை வாசனை போற வரைக்கும் கிளறணும். வடிகட்டின ரசத்தை 3 கப் கொஞ்சம் கொஞ்சமா ஊத்தணும். அரை கப் பால், வேக வச்ச உருளைக்கிழங்கு, ஒரு கப் பட்டாணி, உப்பு, மிளகுத்தூள், தைம் இலை. கடைசியில் உதிர்த்த கறி. கரண்டியைத் தூக்கினா அதன் முதுகில் ஒட்டி நிக்கணும், அதுதான் பதம்.

பிஸ்கட்டுக்கு 2 கப் மைதா, ஒரு டேபிள் ஸ்பூன் பேக்கிங் பவுடர், கால் டீஸ்பூன் சமையல் சோடா, முக்கால் டீஸ்பூன் உப்பு. இதில் 85 கிராம் வெண்ணெயை ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த கையோடு துண்டு போட்டு, விரல் நுனியால் பட்டாணி அளவுக்கு உதிர்க்கணும். வெண்ணெய் உருகவே கூடாது. கெட்டி வெண்ணெய் ஓவன் சூட்டில்தான் உருகணும். அப்போ அதில் இருக்கிற தண்ணீர் ஆவியாகி மாவைத் தூக்கும். அந்த இடைவெளிதான் அடுக்கு! முக்கால் கப் கெட்டி மோரை ஊத்தி, சேர்ந்தும் சேராமலும் இருக்கும்போதே நிறுத்திடணும். சப்பாத்தி மாவு மாதிரி அடிச்சுப் பிசைஞ்சா ரப்பர் ஆயிடும். மாவைத் தட்டி, மூணு தடவை மடிச்சு, 2 சென்டிமீட்டர் கனத்தில் பரப்பி, டம்ளரால் நேராக அழுத்தி வட்டம் வெட்டணும். டம்ளரைத் திருகினா ஓரம் ஒட்டிக்கிட்டு மேலே எழும்பாது.

முக்கியமான டிப்ஸ் இப்போ வருது. பிஸ்கட்டை வைக்கும்போது குழம்பு கொதிக்கக் கொதிக்க இருக்கணும். ஆறின குழம்பில் வச்சா மேலே பொன்னிறமாகும், அடியில் பச்சை மாவாவே நிக்கும். 220 டிகிரி செல்சியஸ், 20 முதல் 25 நிமிஷம். முடிஞ்சது.

அந்த 25 நிமிஷம்...

2012 நவம்பர். ரெண்டாவது தடவை போயிருக்கேன். பை ஓவனுக்குள் போயாச்சு. சமையலறை மேஜையில் அங்கிளுக்கும் என் ரூம்மேட்டுக்கும் வாக்குவாதம்.

விஷயம் இதுதான். 1985-ல் அமெரிக்க அரசு ஒரு திட்டம் கொண்டு வந்தது. மண் அரிக்கிற நிலத்தில் பயிர் வைக்காமல் 10, 15 வருஷம் புல்லா விட்டு வச்சா, விவசாயிக்கு வருஷா வருஷம் வாடகை மாதிரி பணம். 2007-ல் நாடு முழுக்க 3.6 கோடி ஏக்கருக்கும் மேல் இப்படிப் புல்லாக இருந்தது. ஃபெசன்ட்டுக்குக் கூடு கட்ட இடம், குஞ்சுகளுக்குத் தின்னப் பூச்சி, பனிக்காலத்தில் ஒதுங்க மறைவு, எல்லாம் அந்தப் புல்தான். அதே 2007-ல் சவுத் டகோட்டாவில் ஒரு கோடிக்கும் மேல் ஃபெசன்ட் இருந்ததா மதிப்பிட்டாங்க. ஒரு ஆளுக்குப் பத்துக்கும் மேலே!

அப்புறம் மக்காச்சோளம் விலை ஏற ஆரம்பிச்சது. பெட்ரோலில் கலக்கிற எத்தனாலுக்கும் சோளம் வேணும். 2012-ல் வறட்சி வேற. 25 கிலோ எடை வர்ற ஒரு புஷல் சோளம் 7 டாலரைத் தாண்டிடுச்சு. புல்லுக்கு அரசு கொடுக்கிற வாடகை அதுக்குப் பக்கத்திலேயே வராது. ஒப்பந்தம் முடிஞ்ச விவசாயிகள் ஒவ்வொருத்தரா புல்லை உழுதாங்க.

அங்கிள்கிட்ட இருந்தது 80 ஏக்கர் புல். அந்த செப்டம்பரோடு ஒப்பந்தம் முடிஞ்சிருந்தது.

"அப்பா, அதை விட்டுடுங்க. நான் வேட்டை கத்துக்கிட்டதே அந்தப் புல்லில்தான்" என்றான் இவன்.

அங்கிள் கோபப்படலை. பென்சிலை எடுத்து ஒரு பேப்பரில் கணக்குப் போட்டார். ஏக்கருக்கு எத்தனை புஷல், டீசல் எவ்வளவு, விதை எவ்வளவு, பாங்க் கடன் எவ்வளவு... கடைசி வரியில் ஒரு தொகையை எழுதி அவன் பக்கம் தள்ளினார். அது அவனுடைய ஒரு வருஷ காலேஜ் ஃபீஸ். "இதை எந்தப் பறவை வந்து கட்டும்?"

அவன் பேப்பரையே பார்த்துக்கிட்டு இருந்தான். எனக்கு வயித்தைப் பிசைஞ்சது. ஊரில் எங்க அப்பா எனக்காகக் கையெழுத்துப் போட்ட கல்விக் கடன் ஞாபகம் வந்தது. நம்ம ஃபீஸுக்காக வீட்டில் எது போச்சுன்னு நமக்கு யாரும் பேப்பரில் எழுதிக் காட்டறதில்லை. அதனால் நாம கேக்கறதும் இல்லை.

ஓவன் பக்கத்திலிருந்து ஆன்ட்டிதான் பேசினாங்க. "என் பைக்கு ரெண்டு பறவை போதும். ஆனா அந்த ரெண்டும் பிறக்க ஒரு இடம் வேணுமே!"

அங்கிள் பதில் சொல்லலை. பை வெளியே வந்தது. பிஸ்கட்டைப் பிய்ச்சா ஆவி பறக்குது, அதன் அடிப்பக்கம் குழம்பைக் குடிச்சு இட்லி மாதிரி ஊறிக் கிடக்குது. அவ்வளவு ருசியான சாப்பாட்டை அவ்வளவு அமைதியா நான் சாப்பிட்டதே இல்லை.

அடுத்த வசந்தத்தில் அங்கிள் 50 ஏக்கரை உழுதார். தண்ணீர் தேங்குற பள்ளத்தைச் சுத்தி 30 ஏக்கரை அப்படியே விட்டார். அந்த 30 ஏக்கருக்கு வருமானம் கம்மி. தெரிஞ்சேதான் விட்டார்.

2013-ல் மாநில அரசு எடுத்த கணக்கில் ஃபெசன்ட் எண்ணிக்கை முந்தின வருஷத்தில் பாதிக்கும் கீழே போயிடுச்சு. புல் குறைஞ்சது ஒரு காரணம், வறட்சியும் குளிரான ஈர வசந்தமும் மத்த காரணங்கள். அந்த அக்டோபரில் நான் படிப்பை முடிச்சு ஊருக்கு வந்துட்டேன். ரூம்மேட் போன் பண்ணினான். "முதல் வாரம் ரெண்டே ரெண்டு சேவல். அந்த 30 ஏக்கரில்தான் கிடைச்சது. அம்மா உருளைக்கிழங்கைக் கூடப் போட்டு சமாளிச்சுட்டாங்க!"

பாட் பையின் சூட்சுமமே அதுதான் பாஸ். கறி குறைஞ்சா கிழங்கு கூடும், பிஸ்கட் கூடும். மேஜையில் ஆள் மட்டும் குறையாது.

நீங்க செய்யறதா இருந்தா...

நம்ம ஊரில் கவுதாரியோ காட்டுக்கோழியோ பிடிக்கலாமான்னு யோசிக்கவே வேண்டாம். 1972-ம் வருஷ வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இருக்கு, கம்பி எண்ணணும். முத்தின நாட்டுக்கோழி ஒண்ணு வாங்குங்க. ஓடித் திரிஞ்ச கறி, அதே உறுதி, அதே வாசனை. குக்கரில் 6, 7 விசில் விட்டு, எலும்பிலிருந்து உதிர்த்துக்குங்க. செலரி கிடைக்கலைன்னா விட்டுடுங்க. மோருக்குப் பதிலா தயிரைக் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் கலக்கிக்கலாம். ஓடிஜி இருக்கிற ஃப்ரெண்ட் வீடு ஒண்ணு பிடிங்க. சைவமா? காளானும் கூடுதல் காய்கறியும் போட்டா அதுவும் ஜோர்தான்.

செஞ்சு முடிச்சதும் ஹாஸ்டலில் லீவுக்கு ஊருக்குப் போகாம ஒருத்தன் உட்கார்ந்திருப்பான் பாருங்க, அவனைக் கூப்பிடுங்க. மணிப்பூரோ, பீகாரோ, எத்தியோப்பியாவோ... எந்த ஊர்ப் பையனா இருந்தாலும் சரி. ஷேர் போட்டுக் காசு மட்டும் வாங்கிடாதீங்க. இந்த ஐட்டத்தை விற்கக் கூடாது!